மண்ணெண்ணெய்க்கு ஒரு துஆ

எங்கள் ஊர்ப் பக்கத்திலிருந்து பொறியியல் படிக்கப் போயிருக்கும் பிள்ளைகள் ஒரு வாட்ஸ்அப் குழு வைத்திருக்கிறார்கள். என்னையும் அதில் சேர்த்துவிட்டு ‘சேர்’ என்று கூப்பிடுகிறார்கள். நான் யாருக்கும் படிப்பித்தவனல்ல. மெதேனில் ஓடும் ராக்கெட் எஞ்சின்கள் வந்ததிலிருந்து குழுவில் ஓயாத சண்டை. மண்ணெண்ணெய்யா, ஐதரசனா, மெதேனா, எது சிறந்தது என்று கேட்டுக் கடைசியில் என் தலையில் கட்டிவிட்டார்கள். ஒரு வரியில் பதில் வேண்டுமாம். ஒரு வரியில் சொல்லிவிடக்கூடிய விடயமென்றால் நான் அத்தனை வருடம் குளிருக்குள் போய் நின்றிருக்கத் தேவையில்லை. கொஞ்சம் நீட்டித்தான் எழுதுவேன். விருப்பமில்லாதவர்கள் கடைசிப் பந்தியைப் படிக்கலாம். ஆனால் அங்கே எரிபொருள் பற்றி அதிகம் இருக்காது.

என் படிப்பைப் பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. கல்முனையில் பள்ளிக்கூடம், பிறகு தொழில்நுட்பக் கல்லூரியில் கருவிகள் பற்றிய ஒரு பயிற்சி, பிறகு எல்லோரையும்போல வளைகுடா. அங்கே எரிவாயுவைக் குளிரவைத்துத் திரவமாக்கும் ஆலையொன்றில் அழுத்தமானிகளையும் பாரமானிகளையும் சரிபார்க்கும் வேலை. அளவுக் கருவிகளோடு என் கை நன்றாக ஒத்துப்போனது. அதைக் கண்ட ஒப்பந்தக்காரர் ஒருவர்தான் ஐரோப்பாவில் ஒரு ராக்கெட் எஞ்சின் சோதனை நிலையத்துக்கு என்னை அனுப்பிவைத்தார். எந்த நாடு, எந்தக் கம்பனி என்று சொல்ல மாட்டேன். சொல்வதில்லை என்று கையெழுத்துப் போட்டிருக்கிறேன். கம்பனி இப்போது இல்லாவிட்டாலும் கையெழுத்து என்னுடையதுதானே.

காட்டுக்குள் இரண்டு கொங்கிறீட் மேடைகள். ஒன்றில் மண்ணெண்ணெய் எஞ்சின், மற்றதில் ஐதரசன் எஞ்சின். இரண்டும் திரவ ஒட்சிசனோடு சேர்ந்து எரிபவை. எஞ்சினை மேடையில் இறுக்கிப் பூட்டி ஓடவிடுவோம். அது தன் பலம் முழுவதையும் போட்டுத் தள்ளும், ஆனால் எங்கும் போகாது. எவ்வளவு பலமாகத் தள்ளுகிறது என்பதை அளக்கும் பாரமானி என் பொறுப்பு. நான் ஐதரசன் மேடைக்காரன்.

மண்ணெண்ணெய் மேடைக்காரர்கள் வேலை முடிந்து வரும்போது முகம் துடைத்த கைலேஞ்சி கறுப்பாக இருக்கும். எங்கள் எஞ்சினில் புகையில்லை, கரியில்லை. ஐதரசனும் ஒட்சிசனும் எரிந்தால் வருவது நீர்தானே. சோதனை முடிந்து சற்று நேரத்தில் அந்த நீராவி தூறலாக எங்கள் தலையிலேயே விழும். மாரிகாலத்தில் பனியாக விழும். நான் தொப்பியைக் கழற்றிவிட்டு நிற்பேன். இப்போது இதை எழுதும்போதும் நெற்றியில் அந்தக் குளிர் தெரிகிறது. அந்தத் தூறலில் இன்னொரு தடவை நிற்க வேண்டும்போல் ஆசையாக இருக்கிறது.

ஐதரசன் சுவாலை பகல் வெளிச்சத்தில் கண்ணுக்குத் தெரியாது. குழாயில் எங்காவது கசிந்து தீப்பற்றியிருந்தாலும் கிட்டப் போகும்வரை தெரியாது. அதனால் மேடையைச் சுற்றி நடக்கும்போது நீளமான விளக்குமாறு ஒன்றை முன்னால் நீட்டிக்கொண்டு போவோம். விளக்குமாறு பற்றினால் அங்கே நெருப்பு. கருவிகள் இருந்தன, இருந்தும் பழைய ஆட்கள் விளக்குமாற்றை விடவில்லை.

இதை என் மனைவி ஹபீபாவிடம் சொன்னதுதான் தப்பாகப் போயிற்று. அப்போது வீட்டில் தொலைபேசி இல்லை. வெள்ளிக்கிழமைகளில் அசர் தொழுகைக்குப் பிறகு அவள் பிரதான வீதியிலுள்ள கம்யூனிகேஷன் கடையில் வந்து காத்திருப்பாள். நான் அங்கிருந்து எடுப்பேன்.

“வெளக்குமாறு புடிக்கவா கடல் தாண்டிப் போன?” என்றாள். “அத இஞ்ச இரிந்தே புடிச்சிரிக்கலாமே. வாசல் முழுக்க வேப்பம் சருகு.”

கடைக்காரர் சிரிக்கும் சத்தம் எனக்குக் கேட்டது.

அவள் சும்மா கேட்டுவிட்டு விடுகிறவளல்ல. எஞ்சினின் திறனை நேரக் கணக்கில், செக்கனில் அளப்போம் என்று இன்னொரு நாள் சொன்னேன். உடனே பிடித்துக்கொண்டாள்.

“லீற்றருக்கு எத்தின மைல் எண்டுதானே எல்லாரும் கேக்கிற? அதென்ன செக்கன்?”

பல பொறியியலாளர்களும் சரியாகச் சொல்லத் திணறும் இடம் அது. அவளுக்குச் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன். ஒரு கிலோ எரிபொருள், ஒட்சிசனையும் சேர்த்துத்தான் ஒரு கிலோ. அதைக் கொஞ்சம் கொஞ்சமாக எரித்து, அந்த உதைப்பால் ஒரு கிலோ பாரத்தை விழாமல் தாங்கிப் பிடிக்க வேண்டும். எத்தனை செக்கன் தாங்கும்? அதுதான் அந்த எண். தன்கணத்தாக்கு என்று பாடப்புத்தகத்தில் இருக்கும். காற்றில்லாத உயரத்தில் மண்ணெண்ணெய் முந்நூறைக் கொஞ்சம் தாண்டும். ஐதரசன் நானூறையும் நன்றாகத் தாண்டும்.

“அப்ப ஒங்கட சாமான்தான் கூட நேரம் தாங்கும்,” என்றாள். “நான் எவ்வளவு நேரம் தாங்குற எண்டு ஆரும் அளந்து பாக்கல்ல.”

அத்தோடு காசு முடிந்து இணைப்பு அறுந்துவிட்டது.

எங்கள் தலைவியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பெயர் இங்கிரிட். மெலிந்த உயரமான பெண், தலை பாதி நரைத்தது. யாரையும் அதட்டியதை நான் கண்டதில்லை. சோதனைக்கு முந்திய நாள் மேடையைத் தனியாகச் சுற்றி வருவார். ஒவ்வொரு வால்வின் மேலும் கையை வைத்து அதன் பெயரை வாய்விட்டுச் சொல்லிவிட்டுத்தான் அடுத்ததற்குப் போவார். எண்களை இரண்டு தடவை உரக்க வாசிக்க வேண்டும். ‘கிட்டத்தட்ட’ என்ற சொல்லை அவர் முன்னால் பாவிக்கக் கூடாது. சோதனை முடிந்ததும் எங்களை வரிசையாகப் பார்த்து ஒரே கேள்விதான் கேட்பார்: “என்ன பார்த்தீர்கள்?” என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்க மாட்டார். நினைப்பதற்கு வேறு ஆட்கள் இருந்தார்கள்.

நான் அவரிடம் மாட்டிக்கொண்டது முதல் மாதத்திலேயே. எஞ்சினைப் பற்றவைப்பதற்கு முன் ஒவ்வொரு பொறுப்பாளரிடமும் ஒலிவாங்கியில் ‘தயாரா?’ என்று கேட்பார். ‘தயார்’ அல்லது ‘தயாரில்லை’, இவை இரண்டுதான் விடை. என் முறை வந்தது. என் வாய் என்னைக் கேட்காமல் “இன்ஷா அல்லாஹ்” என்றது.

“எண்ணிக்கையை நிறுத்துங்கள்,” என்றார் இங்கிரிட். வெளியே தாங்கியில் திரவ ஒட்சிசன் கொதித்து ஆவியாகிக்கொண்டிருந்தது. நிற்கும் ஒவ்வொரு நிமிடமும் நட்டம். “மிஸ்டர் லெவ்வை, நீங்கள் சொன்னது ஆமா, இல்லையா?”

நம் ஊரில் தையல்காரர் ‘பெருநாளைக்கி முந்தித் தாறன், இன்ஷா அல்லாஹ்’ என்றால் அது ஆமா, இல்லையா என்று உங்களுக்கே தெரியும். இறைவன் நாடினால் என்று பொருள், எங்கள் வழக்கம் அது என்று தட்டுத் தடுமாறி விளக்கினேன். அவர் முழுவதையும் கேட்டார்.

“நடக்கப்போவதை நான் உங்களிடம் கேட்கவில்லை,” என்றார். “உங்கள் பாரமானி இப்போது என்ன காட்டுகிறது என்றுதான் கேட்கிறேன்.”

எனக்கு முகம் சுட்டது. ஆனால் அவர் சொன்னதில் பிழை காண முடியவில்லை. அன்றிலிருந்து “தயார்” என்று உரக்கச் சொல்வேன், ஒலிவாங்கியின் பொத்தானை விடுவேன், பிறகு எனக்குள் சொல்ல வேண்டியதைச் சொல்வேன். சில மாதங்கள் போன பிறகுதான் கவனித்தேன். என் முறை முடிந்ததும் இங்கிரிட் அடுத்த ஆளை உடனே கூப்பிடுவதில்லை. ஒரு மூச்சு விடும் நேரம் காத்திருப்பார். அதைப் பற்றி நாங்கள் இருவரும் ஒரு நாளும் கதைத்ததில்லை. அப்படி ஒரு மேலதிகாரி எனக்கு மறுபடி கிடைக்கவில்லை.

சில வருடங்கள் இப்படிப் போயின. பிறகு கம்பனியின் கை இறுகியது. இரண்டு எஞ்சினில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்வோம், இரண்டையும் ஒரே முறையில் சோதித்துப் பார்த்து முடிவெடுப்போம் என்று மேலிடம் அறிவித்தது. ஐதரசன் வென்றால் எங்கள் ஒப்பந்தம் இன்னும் ஐந்து வருடம் நீளும். மண்ணெண்ணெய் வென்றால் எங்கள் மேடையை மூடிவிடுவார்கள், நான் ஊருக்கு வர வேண்டியதுதான். குடும்பத்தைக் கூட்டி வைத்துக்கொள்ளும் அனுமதி எங்கள் தரத்து ஆட்களுக்கு இல்லை. அந்த வெள்ளிக்கிழமை ஹபீபாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

“எது வெண்டா நீங்க வருவீங்க?”

“மண்ணெண்ணெய்.”

“அப்ப நான் மண்ணெண்ணெய்க்குத் துஆ கேக்கன்.”

சிரித்தேன். உள்ளுக்குள் கோபமும் வந்தது. என் எஞ்சினுக்கு எதிராகவல்லவா இவள் கையேந்துகிறாள்! பிள்ளைகள் இரண்டும் என்னைப் படத்தில்தான் அடையாளம் காட்டும் என்று அவள் சொல்லியிருந்தாள். அதுவும் மனதில் கிடந்து அறுத்தது. எனக்கு வீடும் வேண்டும், அந்த எஞ்சின் ஒரு நாள் மேலே போவதையும் காண வேண்டும். இரண்டில் ஒன்று கிடைக்காது என்று தெரிந்துகொண்டே இரண்டுக்கும் ஏங்கினேன். அடுத்த வாரங்களிலெல்லாம் அவள் தொலைபேசியை எடுத்ததும் முதலில் கேட்பது அதைத்தான்.

“மண்ணெண்ணெய் எப்பிடி இரிக்கி?”

யாரோ சுகமில்லாத சொந்தக்காரரை விசாரிப்பதுபோலக் கேட்பாள்.

எங்கள் கடைசிச் சோதனை நாள் வந்தது. அதைக் கொஞ்சம் விபரமாகச் சொல்கிறேன், ஏனென்றால் எல்லாம் அதில்தான் தொங்கியது. ஓட்டத்துக்கு முன் பாரமானியைப் பூச்சியத்தில் நிறுத்துவோம். பிறகு அளவு தெரிந்த ஒரு விசையால் தள்ளிப் பார்த்து, அது சரியாகக் காட்டுகிறதா என்று உறுதிசெய்வோம். ஓட்டம் முடிந்து எஞ்சின் நின்றதும் திரும்பவும் பூச்சியம் வருகிறதா என்று பார்ப்போம். இது கடைத் தராசுக்கும் உள்ள விதிதான்.

அன்று பூச்சியத்தை நிறுத்திய பிறகு ஒட்சிசன் வால்வு ஒன்று மக்கர் பண்ணியதால் நெடுநேரம் காத்திருக்க வேண்டியதாயிற்று. அவ்வளவு நேரமும் திரவ ஐதரசன் குழாய் குளிர்ந்தபடியே கிடந்தது. வால்வு சரியானதும் எஞ்சினைப் பற்றவைத்தோம். அழகான ஓட்டம். தரை அதிர்ந்தது, ஆனால் என் திரையில் எண் ஆடவில்லை. கணக்குப் பார்ப்பவர் செக்கன்களைச் சொன்னபோது அறையில் கைதட்டினார்கள். அவ்வளவு உயரமான எண்ணை எங்கள் எஞ்சின் ஒருநாளும் கொடுத்ததில்லை.

இங்கிரிட் கைதட்டவில்லை. வழமைபோல ஒவ்வொருவராகக் கேட்டுக்கொண்டு வந்தார்.

“மிஸ்டர் லெவ்வை, என்ன பார்த்தீர்கள்?”

எஞ்சின் நின்றுவிட்டது. என் திரை பூச்சியத்துக்கு வரவில்லை. ஓடாத எஞ்சின் இன்னும் தள்ளிக்கொண்டிருப்பதாகப் பாரமானி சொன்னது. நான் அந்த எண்ணை வாசித்தேன். முறைப்படி இரண்டாம் தடவையும் உரக்க வாசித்தேன். கைதட்டியவர்கள் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

பிறகு காரணம் தெரிந்தது. அளவுக்கு மீறிக் குளிர்ந்த குழாய் சுருங்கி, எஞ்சின் பூட்டியிருந்த சட்டத்தை எஞ்சின் தள்ளும் அதே பக்கம் இழுத்திருந்தது. அந்த இழுவையும் எஞ்சினின் பலமாகக் கணக்கில் ஏறிவிட்டது. குழாய் சூடானதும் பூச்சியம் தானாகத் திரும்பி வந்தது. திருத்திய கணக்கிலும் ஐதரசன் மண்ணெண்ணெய்யைவிட வெகு தூரம் முன்னால்தான் நின்றது. ஆனால் எஞ்சினை வாங்க இருந்தவர்களுக்குக் கம்பனி வாக்குக் கொடுத்திருந்த எண்ணுக்குக் கொஞ்சம் கீழே.

அந்தக் கொஞ்சமே போதுமாக இருந்தது. ஐதரசனுக்கு ஏற்கெனவே ஒரு குறை உண்டு. அது சரியான இலேசு. ஒரு லொறி நெல்லையும் அதே நிறைக்கு வைக்கோலையும் ஏற்றிப் பாருங்கள், வைக்கோலுக்கு எத்தனை லொறி வேண்டும்? அதுபோல ஐதரசனுக்கு ராட்சதத் தாங்கி வேண்டும், தாங்கியே பாரமாகிவிடும், அதைக் குளிராக வைத்திருப்பது தனிச் செலவு. இவ்வளவையும் பொறுத்துக்கொள்ள வேண்டுமானால் செக்கன்கள் குறையில்லாமல் இருக்க வேண்டும். இருக்கவில்லை. மண்ணெண்ணெய் வென்றது.

சொல்லாமல் விட்டிருக்கலாம் என்று எனக்கு அந்த அறையில் தோன்றவில்லை. பூச்சியத்தை வாசிப்பது என் வேலை, வாசித்தேன். தோன்றியதெல்லாம் விமானத்தில் ஏறி இருந்த பிறகுதான். பக்கத்தில் இருந்தவர் எனக்குத் தண்ணீர் எடுத்துக் கொடுத்தார். என் வீட்டில் யாரோ மௌத்தாகி, அடக்கத்துக்குப் போகிறேன் என்று நினைத்திருப்பார்.

வீட்டில் பெருநாள்போல இருந்தது. சின்ன மகள் முதலில் கதவுக்குப் பின்னால் ஒளிந்தாள், பிறகு மடியை விட்டு இறங்கவில்லை. ஹபீபா எதைச் சமைப்பது என்று தெரியாமல் எல்லாவற்றையும் சமைத்தாள். நான் சந்தோசமாக இருந்தேன், அது பொய்யில்லை. பிறகு சம்மாந்துறைப் பக்கத்து நெல் ஆலைகளில் லொறித் தராசு பொருத்தவும் திருத்தவும் தொடங்கினேன். லொறித் தராசுக்கு அடியில் இருப்பதும் நான் அங்கே பார்த்த அதே வகைப் பாரமானிதான். லொறி ஏறி நிற்கும், எண்ணை வாசிப்பேன், இறங்கிப் போகும், பூச்சியத்தைப் பார்ப்பேன். வேலையில் ஒரு குறையுமில்லை. ஆனால் எதுவும் அதிரவில்லை. அந்தத் தரை அதிர்வுக்காக என் உள்ளங்கால் காத்துக்கொண்டே இருந்தது.

பல வருடங்கள் கழித்து, சுனாமியில் கடல் வந்து போன பிறகு கட்டிய புது வீட்டில் நாங்கள் இருந்தபோது, இங்கிரிட் தொலைபேசியில் வந்தார். அந்த மண்ணெண்ணெய் எஞ்சின் ராக்கெட்டைக் கீழிருந்து தூக்கப் போகிறது, அதற்கு மேலே இரண்டாம் கட்டத்தில், கிடப்பில் போட்டிருந்த எங்கள் ஐதரசன் எஞ்சினைப் பூட்டப் போகிறோம் என்றார். பிள்ளைகளே, உங்கள் சண்டைக்கான விடை இதுதான். தரையிலிருந்து எழும்பும்போது பெரும் பலம் வேண்டும், தாங்கி சிறிதாக இருக்க வேண்டும், அங்கே மண்ணெண்ணெய். மேலே போன பிறகு ஒவ்வொரு கிலோவும் எத்தனை செக்கன் தாங்குகிறது என்பதுதான் பேச்சு, அங்கே ஐதரசன். மெதேன் இரண்டுக்கும் நடுவில்: மண்ணெண்ணெய் அளவு கரி பிடிக்காது, ஐதரசன் அளவு இடம் கேட்காது. எது சிறந்தது என்று கேட்காதீர்கள். எந்த உயரத்தில் என்று கேளுங்கள்.

“பாரமானிக்கு நீங்கள் வர வேண்டும்,” என்றார் இங்கிரிட். யோசித்துச் சொல்வதாகச் சொல்லி வைத்தேன். ஹபீபா இறால் உரித்துக்கொண்டிருந்தாள். ஆங்கிலம் விளங்காவிட்டாலும் ஒரு சொல் விளங்கியிருந்தது.

“ஐதரசன் வெண்டுட்டா?”

“வெண்ட மாதிரித்தான். மேல போகப் போகுதாம். என்னையும் வரட்டாம்.”

அவள் கையைக் கழுவிவிட்டு வந்து எனக்கு எதிரே இருந்தாள். “அப்ப போங்க,” என்றாள். “நீங்க வந்த நாள்லேர்ந்து எனக்கு மனசு சரியில்ல. நான் கேட்ட துஆவாலதானே ஒங்கட எஞ்சின் தோத்த. ஒங்களுக்கு விருப்பமான ஒண்ட நான் கேட்டுத் தோக்க வெச்சிட்டன்.”

இத்தனை வருடமும் அவள் இதைச் சுமந்திருக்கிறாள். எனக்குத் தெரியவே தெரியாது.

“விசர்க்கதை கதைக்காத,” என்றேன். “ஒன்ட துஆவால இல்ல. பூச்சியம் வரல்ல எண்டு என்ட வாயால நான்தான் செல்லிக் குடுத்த.”

“அந்த வாயத் தொறக்கவெச்ச ஆரு?” என்றாள்.

நான் போகவில்லை. மூத்த மகளுக்குக் கல்யாணப் பேச்சு நடக்கிறது என்று இங்கிரிட்டிடம் சாட்டுச் சொன்னேன். உண்மையில் ஹபீபாவின் முகத்தைப் பார்த்த பிறகு என்னால் பெட்டி கட்ட முடியவில்லை. பாரமானித் திரைக்கு முன்னால் என்னுடைய கதிரையில் வேறு யாரோ போய் இருந்தார்கள். எஞ்சினும் தயாராகி, பறக்கும் நாளும் வந்தது. மருமகன் தொலைபேசியில் நேரடி ஒளிபரப்பைப் போட்டுக் கொடுத்துவிட்டு வேலைக்குப் போய்விட்டார்.

என்னால் அதைப் பார்த்துக்கொண்டு இருக்க முடியவில்லை. வெளியே போய் வாசல் படலையைப் பிடித்துக்கொண்டு வீதியைப் பார்த்தபடி நின்றேன். ஹபீபா தொழுத பாயை விட்டு எழும்பாமல் தொலைபேசியை முன்னால் வைத்துக்கொண்டிருந்தாள். பிறகு தொழுத உடுப்போடேயே படலைக்கு ஓடி வந்தாள். கண்ணெல்லாம் ஈரம்.

“கீழ உள்ளது கழண்டு உழுந்திட்டு. மறுகா ஒங்கட எஞ்சின் பத்தி, மேல போய்ட்டு. எல்லாரும் எழும்பி நிண்டு கைதட்டுறாங்க,” என்றாள். “இண்டைக்கி ரெண்டுக்கும் சேத்துத்தான் கேட்ட நான்.”

நான் தலையாட்டினேன். அவள் மூச்சு வாங்கிக்கொண்டு என் முகத்தையே பார்த்தாள்.

“இப்ப சரிதானே?”

“ஓம்,” என்றேன்.

“பொய்,” என்றாள். உள்ளே போகாமல், தானும் படலையைப் பிடித்துக்கொண்டு என் பக்கத்திலேயே நின்றாள்.